மனுவின் ஏழாவது பத்தி

நான் ஹைகோர்ட்டில் ஜெயித்தவள். எங்கள் தெருவில் இன்றைக்கும் அப்படித்தான் சொல்வார்கள். பேங்க்காரன் வீட்டுச் சுவரில் நோட்டீஸ் ஒட்டிய பிறகும் வீட்டை விடாமல் பிடித்துக்கொண்டவள் என்று கொஞ்சம் மரியாதையும் உண்டு. நானும் வேண்டாம் என்று சொன்னதில்லை. வயது ஏற ஏற இந்த மரியாதை தொண்டையில் சிக்கிய மீன்முள் மாதிரி உறுத்துகிறது. அதனால் இதை எழுதுகிறேன்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் திண்டுக்கல்லில், எங்கள் வீட்டின் பின்பக்கத்தில் தகரக் கொட்டகை போட்டு, நோட்டுப் புத்தகம் தயாரிக்கும் தொழில் ஆரம்பித்தேன். கோடு போட்ட தாள் கட்டுக்கட்டாக வரும். மடித்து, பின் அடித்து, அட்டை ஒட்டி, ஓரம் வெட்டி, பள்ளிக்கூடங்களுக்கும் கடைகளுக்கும் கொடுப்போம். நாலு பெண்கள் வேலைக்கு வந்தார்கள். வெட்டும் மெஷின் வாங்க பேங்க்கில் கடன் கேட்டேன். வீடோ நிலமோ வைத்திருக்கும் ஒருவரை ஜாமீனுக்குக் கூட்டி வரச் சொன்னார்கள். ஜாமீன் என்ற சொல்லைக் கேட்டதும் என் சொந்தக்காரர்கள் அத்தனை பேருக்கும் அவசர வேலை வந்துவிட்டது.

அப்போது வந்தவள்தான் அவள். இரண்டு தெரு தள்ளி மாவு மில் வைத்திருந்தாள். புருஷன் இறந்த பிறகு, ஒரே மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு மில்லை நடத்திக் காட்டியவள். ஊர் அவளை மில்லுக்காரி என்றது, என்னை நோட்டுக்காரம்மா என்றது. என்னைவிட மூன்று வயது இளையவள். ஞாயிற்றுக்கிழமை மாதா கோயிலில் ஒரே பெஞ்சில் உட்காருவோம். சாமியார் பிரசங்கத்தை நீட்டினால் என் விலாவில் முழங்கையால் குத்துவாள். அவள் மில்லின் பத்திரத்தைப் பையில் போட்டுக்கொண்டு பேங்க்குக்கு வந்து, எங்கே கையெழுத்துப் போட வேண்டும் என்று மட்டும் கேட்டாள். ஐந்து வருடத்தில் அந்தக் கடனை அடைத்தேன். அவள் பத்திரம் பத்திரமாக அவளிடம் திரும்பிப் போனது.

எங்கள் ஊரில் சின்னத் தொழில் செய்கிறவர்கள் இப்படித்தான் ஓட்டினோம். நீ எனக்கு ஜாமீன், நான் உனக்கு. லேத் பட்டறைக்காரருக்கு பேக்கரிக்காரர், பேக்கரிக்காரருக்கு டயர் கடைக்காரர். இட்லிக் கொப்பரையை இரவல் கொடுப்பது போலத்தான் வீட்டுப் பத்திரத்தையும் கொடுத்தோம். கொடுத்தவரின் வீடு உண்மையிலேயே போய்விடும் என்று ஒருவரும் யோசிக்கவில்லை.

பிறகு அவள் முறை வந்தது. மிளகாய்த்தூள், மல்லித்தூள் அரைத்துப் பாக்கெட் போட்டு விற்க ஆசைப்பட்டாள். பெரிய அரவை மெஷினும் பாக்கெட் மெஷினும் வாங்க வேண்டும். மில்லை அடமானம் வைத்தாள், போதாததற்கு என் வீட்டையும் ஜாமீனாக வைத்தாள். வீடு என் பெயரில் இருந்தது, எங்கள் அப்பா எனக்கு எழுதிவைத்தது. நான் ஒரு நிமிடம்கூடத் தயங்கவில்லை. தயங்கியிருந்தால் நான் இதைவிட நல்ல மனுஷியாக இருந்திருப்பேன் என்று இப்போது தோன்றுகிறது.

அதே சமயத்தில் அவள் மகளுக்கும் கல்யாணம் கூடிவந்தது. அந்தக் கல்யாணத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும், பின்னால் நடந்தது எல்லாம் அதில்தான் வந்து நிற்கிறது. நான் அப்போது ஒரு குலுக்கல் சீட்டு நடத்திக்கொண்டிருந்தேன். இருபது பெண்கள், ஒரு சுற்று முடிந்தால் அதே இருபது பேரோடு அடுத்த சுற்று. மாதத்தின் முதல் ஞாயிறு, பூசை முடிந்து என் வீட்டுக் கூடத்தில் கூடுவோம். பெயர் எழுதிய சீட்டுகளை எவர்சில்வர் டம்ளரில் போட்டுக் குலுக்குவோம், வந்த பெயருக்கு அந்த மாதப் பணம். பதிவு, லைசென்ஸ் எதுவும் கிடையாது. அந்தக் காலத்தில் யார் வைத்திருந்தார்கள்? அவள் மகள் கல்யாணத்துக்குத் தேதி குறித்த மாதம், குலுக்கலில் என் பெயர் விழுந்தது. பணத்தை அப்படியே அவள் மடியில் வைத்து, இந்த முறையை நீ எடுத்துக்கொள், உன் பெயர் விழும்போது நான் எடுத்துக்கொள்கிறேன் என்றேன். இருபது பேரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மறுநாள் நகைக்கடைக்கும் நான்தான் கூடப் போனேன். பேங்க் பணத்தில் மெஷினுக்கானது செக்காகக் கம்பெனிக்குப் போனது, மீதி ரொக்கமாக வந்து, ரசீது இல்லாத மிளகாய், மல்லி மூட்டைகளாக மாறியது. எந்தப் பணம் எதற்குப் போனது என்பது அவளுக்கு அடுத்தபடியாக எனக்குத்தான் தெரியும்.

தூள் வியாபாரம் இரண்டு வருடம் நன்றாக ஓடியது. பிறகு பெரிய கம்பெனிகளின் பாக்கெட்டுகள் பெட்டிக்கடை வரைக்கும் வந்து தொங்க ஆரம்பித்தன. மொத்தக் கடைக்காரர்கள் சரக்கை எடுத்துக்கொண்டு பணத்துக்கு இழுத்தடித்தார்கள். மிளகாய் விலை ஒரு வருடம் எகிறியது, அவளால் விலையை ஏற்ற முடியவில்லை. தவணைகள் நின்றன. இரண்டாயிரம் பிறந்து நாலைந்து வருடம் ஆகியிருந்தது. கோர்ட்டுக்குப் போகாமலே பேங்க் நேரடியாக சொத்தைக் கையில் எடுக்கலாம் என்று புதுச் சட்டம் வந்திருந்தது. அறுபது நாள் கெடு கொடுத்து அவளுக்கும் எனக்கும் ஒரே நாளில் நோட்டீஸ் வந்தது. அறுபது நாளும் ஓடிப்போனது.

ஒரு காலையில் இரண்டு பேர் வந்து, இந்தச் சொத்து பேங்க்கின் சுவாதீனத்தில் இருக்கிறது என்று எழுதிய காகிதத்தைத் தெருவைப் பார்த்த சுவரில் பசை தடவி ஒட்டிவிட்டுப் போனார்கள். அதைக் கிழிக்கக் கூடாது என்று சொல்லியிருந்தார்கள். நான் கிழிக்கவில்லை, துவைத்த சேலையை அந்தச் சுவர்மேல் காயப்போட்டு மறைத்தேன். நாள் முழுக்க ஒரே சேலை காய்ந்துகொண்டிருந்தது. மறுநாள் பால்காரர் பாலை ஊற்றிவிட்டு, அடுத்த மாதமும் ஊற்றலாமா என்று தயங்கித் தயங்கிக் கேட்டார். அன்றைக்குத்தான் எனக்குப் பயம் வந்தது. அதுவரைக்கும் கோபம் மட்டும்தான் இருந்தது.

மதுரைக்கு ஹைகோர்ட்டின் கிளை வந்திருந்த புதிது. சென்னை வரை போகத் தேவையில்லை, பஸ் ஏறினால் ஒன்றரை மணி நேரம். மில்லுக்காரியும் நானும் உட்கார்ந்து பேசினோம். இரண்டு பேரும் சேர்ந்து ஒரே மனுவாகப் போடுவது, ஒரு பகுதிப் பணத்தை உடனே கட்டுவதாகச் சொல்லி மீதிக்கு ஆறு மாத அவகாசம் கேட்பது என்று முடிவானது. ஒரு பகுதிக்கு அவள் தன் நகைகளையும் மகளின் நகைகளையும் எண்ணி வைத்திருந்தாள். திங்கட்கிழமை முதல் பஸ்ஸில் கிளம்புவதாகப் பேச்சு.

நான் அதற்கு முந்தின வெள்ளிக்கிழமையே தனியாகப் போய்விட்டேன்.

என் வீட்டுக்காரர்தான் சொன்னார் என்று ரொம்ப நாள் சொல்லித் திரிந்தேன். அவர் சொன்னது உண்மை. “அவ முங்குறான்னா நீயும் சேந்து முங்கணுமா?” என்று கேட்டார், அவ்வளவுதான். அதற்குப் பிறகு பஸ் ஏறியது என் கால்கள்தான்.

வக்கீல் நல்ல மனிதர். மோசமான ஆளாக இருந்திருந்தால் பழியை அவர்மேல் போட்டுவிட்டு நிம்மதியாக இருந்திருப்பேன். எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டுக்கொண்டார். ஜாமீன் போட்டவருக்கும் கடன் வாங்கியவருக்கு உள்ள அதே பொறுப்பு சட்டத்தில் உண்டு என்று விளக்கினார். இரண்டு பேரும் சேர்ந்து நின்றால் கோர்ட் இரண்டு பேரையும் ஒன்றாகத்தான் பார்க்கும், நான் தனியாகத் தெரிய வேண்டுமானால், நான் நம்பி ஏமாந்தவள் என்று காட்ட ஏதாவது இருக்க வேண்டும் என்றார். பிறகு சாதாரணமாகக் கேட்டார்.

“அந்த வருஷம் அவங்க வீட்டுல ஏதும் பெரிய செலவு வந்துச்சாம்மா?”

“பொண்ணுக்குக் கல்யாணம் பண்ணினா சார்.”

பொய் இல்லை. கல்யாணம் நடந்தது. எந்தப் பணத்தில் என்று அவர் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. அவர் டைப் அடிக்கிறவரைப் பார்த்துத் தலையாட்டினார். அது மனுவில் ஏழாவது பத்தியாக வந்தது. கடனில் ரொக்கமாக வந்ததைத் தொழிலில் போடாமல் மகளின் திருமணத்துக்குத் திருப்பிவிட்டு, ஜாமீன் போட்ட மனுதாரரை ஏமாற்றிவிட்டார் என்று.

இங்கிலீஷில் இருந்தது, என்ன எழுதியிருந்தது என்று தெரியாமல் கையெழுத்துப் போட்டுவிட்டேன். இதையும் ரொம்ப நாள் சொன்னேன், எனக்கு நானே சொல்லிக்கொண்டது. நான் எஸ்.எஸ்.எல்.சி. படித்தவள். எங்கள் நோட்டு அட்டையில் அச்சாகும் இங்கிலீஷ் எழுத்துகளைப் பிழை பார்க்கிறவளே நான்தான். அதுவும் போக, அந்த வக்கீல் ஒவ்வொரு பத்தியாகத் தமிழில் சொல்லிக்காட்டினார். ஏழாவது பத்தியைச் சொல்லிவிட்டு, கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்து, “சரிதானேம்மா?” என்றார். இப்போதுகூட அந்த நொடிக்கு என்னால் திரும்பிப் போக முடியும். வாயைத் திறந்து சீட்டுப் பணத்தைச் சொல்ல எனக்கு வேண்டிய நேரம் இருந்தது.

“சரிங்க சார்” என்றேன்.

ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் கையெழுத்துப் போட்டேன். சத்தியப் பிரமாணம் என்று அதற்குப் பெயர். அந்த ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு, அதே பெஞ்சில், அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன். திங்கட்கிழமை எனக்குக் காய்ச்சல் என்று சொல்லியனுப்பினேன். அவள் மத்தியானம் ரசமும் சோறும் தூக்கில் கொண்டுவந்து கொடுத்துவிட்டுப் போனாள். நான் இல்லாமல் தான் மட்டும் மதுரைக்குப் போக வேண்டாம் என்று அவளும் பயணத்தைத் தள்ளிப்போட்டிருந்தாள்.

பத்து நாளில் உத்தரவு வந்தது. மறு உத்தரவு வரும்வரை என் வீட்டைத் தொடக் கூடாது, பேங்க் முதலில் கடன் வாங்கியவரின் சொத்தின்மேல் நடவடிக்கை எடுக்கட்டும் என்று சொல்லியிருந்தது. முத்திரை போட்ட காப்பியைக் கையில் வாங்கியபோது, சந்தோஷத்தில் கோர்ட் வளாகத்திலேயே அழுதேன். திண்டுக்கல்லில் இறங்கி ஒரு கிலோ லட்டு வாங்கினேன். வீட்டுக்குப் போக மில் இருக்கும் தெருதான் குறுக்கு வழி. அன்றைக்கு மட்டும் சுற்றிக்கொண்டு போனேன்.

மனுவில் அவளையும் எதிர்த் தரப்பாகச் சேர்த்திருந்ததால் அவளுக்கும் ஒரு காப்பி போனது. அவள் வந்து சண்டை போடுவாள் என்று வாசலைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். பேச வேண்டிய பதிலையெல்லாம் தயாராக வைத்திருந்தேன். அவள் வரவில்லை. ஞாயிற்றுக்கிழமை முதல் பூசைக்கு வருவதை விட்டுவிட்டு இரண்டாம் பூசைக்குப் போக ஆரம்பித்தாள். சீட்டுக்கு மட்டும் மாதாமாதம் தன் பங்கை வேறு ஒரு பெண்ணிடம் கொடுத்தனுப்பினாள், ஒரு மாதம்கூடத் தவறவில்லை. கோர்ட்டில் அவள் தரப்புப் பதிலில், ஏழாவது பத்தியில் சொன்னது உண்மையல்ல என்று ஒரே ஒரு வரிதான் இருந்தது. கல்யாணத்துக்குப் பணம் எங்கிருந்து வந்தது என்று ஒரு வார்த்தையும் இல்லை. அவளுடைய வக்கீல் விவரம் போதாதவர் என்று நினைத்துக்கொண்டேன். நிம்மதியாகவும் இருந்தது.

அந்தச் சமயத்தில்தான் பேங்க்கில் ஒரு திட்டம் வந்தது. நொடித்துப்போன சின்னத் தொழில்காரர்களுக்கு வட்டியில் பெரும்பகுதி தள்ளுபடியாகும், ஒரே தடவையில் ஒரு தொகையைக் கட்டிக் கணக்கை முடித்துக்கொள்ளலாம். அவள் விண்ணப்பித்தாள். அந்த நகைகள் அதற்குக் கிட்டத்தட்டப் போதும். ஆனால், கடனை வேறு செலவுக்குத் திருப்பியவர்களுக்கு அந்தத் திட்டம் கிடையாது என்று ஒரு விதி இருந்தது. அவள் விண்ணப்பத்தைத் தள்ளிவிட்டார்கள். இதை எனக்குச் சொன்னது என் வக்கீல். என் மனுவையே ஆதாரமாக எடுத்துக்காட்டி பேங்க் தரப்பில் முடிவெடுத்திருக்கிறார்கள் என்று கேஸின் போக்கை விவரிக்கிற மாதிரி சொல்லிக்கொண்டு போனார்.

அவரிடம் கேட்டேன், ஏழாவது பத்தியை மட்டும் திரும்ப எடுத்துக்கொள்ள முடியுமா என்று. ஏன் என்றார். சொன்னேன், சீட்டையும் சேர்த்து. அவர் பேனாவை மூடி வைத்தார். முடியும், ஆனால் பொய்ச் சத்தியம் செய்ததாக ஆகும், தடை உத்தரவு அன்றைக்கே போய்விடும், பதிவில்லாத சீட்டு நடத்தியதற்குத் தனியாகக் கேஸ் வரும் என்றார். யோசித்துவிட்டு வந்து சொல்லுங்கள் என்றார். நான் போய்ச் சொல்லவே இல்லை. முதல் தடவை பயத்தில் செய்தேன் என்று வைத்துக்கொள்ளலாம். இந்த இரண்டாம் தடவைக்கு எனக்கு எந்தச் சாக்கும் கிடைக்கவில்லை, இத்தனை வருடமாகத் தேடிப் பார்த்துவிட்டேன்.

மில் ஏலத்துக்குப் போனது. எடுத்தவர் வெளியூர்க்காரர். மெஷின்களை லாரியில் ஏற்றினபோது தெருவே வேடிக்கை பார்த்ததாம், நான் போகவில்லை. அந்தப் பணத்தில் கடன் பெரும்பாலும் தீர்ந்தது. மீதியை இரண்டு வருடத்தில் நான் கட்டினேன். பத்திரம் திரும்பி வந்தது, வீட்டுக்காரர் அதை பீரோவில் வைத்துப் பூட்டினார். அவள் சின்னாளப்பட்டியில் மகள் வீட்டுக்குப் போய்விட்டாள். அங்கே ஒரு சேலைக் கடையில் சேலை மடித்துப் பெட்டியில் அடுக்கும் வேலைக்குப் போகிறாள் என்று கேள்விப்பட்டேன். ஐம்பது வயதில், தனக்குக் கீழே ஆறு பேரை வைத்து வேலை வாங்கியவள்.

சின்னாளப்பட்டி எங்கள் வீட்டிலிருந்து அரை மணி நேர பஸ் தூரம். அந்தத் தூரத்தைக் கடக்க எனக்கு ஆறு வருடம் ஆனது. வீட்டுக்காரர் இறந்து, அவருக்கு அவள் துக்கம் கேட்க வராமல் இருந்த பிறகுதான் கிளம்பினேன்.

மகள் வீட்டில் அவள் மட்டும் இருந்தாள். உட்காரச் சொன்னாள், தண்ணீர் கொடுத்தாள். முன்பெல்லாம் என்னை வா போ என்பவள், இப்போது வாங்க என்றாள். நான் பஸ்ஸில் வரும்போதே கோத்துவைத்திருந்ததை ஒரே மூச்சில் சொன்னேன். வக்கீல் கேட்டது, நான் சரி என்றது, பிறகு திருத்தாமல் விட்டது, எல்லாம். அவள் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே கேட்டாள். கடைசியில் அவளிடம், சீட்டைப் பற்றி ஏன் கோர்ட்டில் சொல்லவில்லை என்று கேட்டேன். என்னைக் காப்பாற்றத்தான் என்று அவள் சொல்வாள் என எதிர்பார்த்தேன். அப்படிச் சொன்னால் காலில் விழுந்து அழுவது என்றுகூட முடிவு செய்திருந்தேன்.

“உங்களுக்காக இல்லக்கா. அப்ப உங்கள நெனச்சாலே எனக்கு வயிறு எரிஞ்சுச்சு” என்றாள். “அந்தச் சீட்டுல இருவது பொம்பளைக இருந்தாக. அப்ப ஓடுன சுத்துல பாதிப் பேரு இன்னும் எடுக்கவே இல்ல. போலீசு வந்தா அம்புட்டுப் பேரு காசும் போயிருக்கும். அவுக என்ன பண்ணினாக?”

சீட்டை நடத்தியவள் நான். அந்த இருபது பேரை அவள்தான் நினைத்திருக்கிறாள். என்னை மன்னித்துவிடு, உண்மையை உன்னிடம் சொல்லிவிட வேண்டும் என்றுதான் வந்தேன் என்றேன்.

அவள் கண்ணாடியை மாட்டிக்கொண்டு என்னைப் பார்த்தாள். கோபமாகக்கூடப் பார்க்கவில்லை.

“எனக்குத்தான் தெரியுமே. எங்கிட்ட எதுக்குச் சொல்றீக? தெரியாதவுககிட்டப் போய்ச் சொல்லுங்க.”

அதோடு எழுந்து, கடைக்கு நேரமாகிறது என்றாள். பஸ் நிறுத்தம் வரைக்கும் கூட வந்தாள். வழியில் என் முழங்கால் வலியைப் பற்றி விசாரித்தாள்.

போன மாதம் எங்கள் பழைய சீட்டுக்காரிகளில் ஒருத்தி இறந்துபோனாள். அடக்கம் முடிந்து, மிச்சமிருக்கிற ஏழெட்டுப் பேர் சாவு வீட்டு வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தோம். பேச்சு எங்கெங்கோ போய் மில்லுக்காரியிடம் வந்தது. மகள் கல்யாணத்துக்கு அவள் என் முறைச் சீட்டை எடுத்ததை இருபது பேரும் கண்ணால் பார்த்தவர்கள், பேங்க் கடனில் கல்யாணம் செய்தாள் என்று எந்தப் பாவி கதை கட்டி அவள் குடியைக் கெடுத்தானோ என்று ஒருத்தி ஆத்திரப்பட்டாள். மற்றவர்களும் அந்தப் பாவியைத் திட்டினார்கள். பிறகு ஆத்திரப்பட்டவள் என் பக்கம் திரும்பி, “நீயே சொல்லுக்கா, ஒன் கையால குடுத்த காசுதானே அது?” என்று கேட்டாள்.

ஆமாம், என் கையால் கொடுத்ததுதான் என்றேன். அதற்கு மேல் ஒன்றும் சொல்லவில்லை.